எங்கள் மரியோ மெதுவானவன்

மருமகனுக்கு முன்னால் அடுத்தடுத்து மூன்று தரம் செத்துப்போனேன். அதுவும் எங்கே? முதலாம் கட்டத்தின் முதலாவது பூச்சியிடம். மரியோ என்ற வீடியோ கேமை விளையாடிய எவருக்கும் அந்த இடம் தெரியும். கேள்விக்குறிப் பெட்டிகள் தொங்கும், கீழே மண்ணிறத்தில் ஒரு காளான் பூச்சி ஆடி அசைந்து வரும். பதின்மூன்று வயதில் பேசிக்கொண்டே மிதித்துவிட்டுப் போன சாமான் அது. "மாமா, உங்களுக்கு உண்மையிலேயே விளையாடத் தெரியுமோ?" என்று கேட்டான் பத்து வயதுக்காரன். நக்கலாகக் கேட்டிருந்தால் பரவாயில்லை. ஐயோ பாவம் என்ற குரலில் கேட்டான். அந்தக் குரல் என்னை இரண்டு கிழமை நித்திரை கொள்ள விடவில்லை.

வாயைக் கொடுத்து நானே மாட்டிக்கொண்ட கதைதான். ஓகஸ்ட் விடுமுறைக்குத் தங்கச்சி அவனை யாழ்ப்பாணம் கோண்டாவிலில் எங்கள் வீட்டில் விட்டிருந்தாள். எழும்பினால் போன், படுக்கும்வரை போன். "உதைப் பறிச்சு வைச்சுக்கொண்டு வேறை ஏதும் குடு அண்ணா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். கரம் போர்ட் இரண்டு நாளில் அலுத்தது. மூன்றாம் நாள் நான் என் வீரப்பிரதாபத்தை அவிழ்த்தேன்: எங்களிடம் ரிவி கேம் இருந்தது, கசற்றைப் போட்டால் 9999 விளையாட்டு வரும், மரியோவில் இந்த ஒழுங்கையில் என்னை அடிக்க ஆளில்லை. (9999 என்பது மேலே ஒட்டின பேப்பரில். உள்ளே இருந்தது பத்துப் பன்னிரண்டு. மிச்சம் எல்லாம் அதே விளையாட்டு, வேறு பெயர், வேறு கட்டத்திலிருந்து தொடங்கும்.) "காட்டுங்கோ" என்றான். காட்டுவதற்கு ரிவி கேம் இல்லை. அடப்டர் எரிந்து, பிறகு பெட்டியும் பழைய சாமான் எடுப்பவரின் சாக்குக்குள் போய்ப் பல வருடம். ஆனால் மூலையில் பெட்சீற்றால் மூடி ஒரு கொம்பியூட்டர் இருந்தது.

செம்மண்ணும் பல்லி முட்டையும்

2010இல் வாங்கியது. சண்டை முடிந்து, யாழ்ப்பாணத்துக்கு வரும் ஏ9 பாதை திரும்பத் திறந்து, கொழும்புச் சாமான்கள் லொறி லொறியாக வந்திறங்கிய காலம். பென்ரியம் டுவல் கோர் ஈ5200, இரண்டரை கிகாஹேர்ட்ஸ், இரண்டு ஜீபி ரம், பதினேழு அங்குலச் சதுர மொனிட்டர். அப்போது அதன் மேல் பூ வைக்காத குறை. புதிதாக ஒன்று வாங்கலாமே என்று கேட்பவர்கள் 2022இல் டொலர் 200 ரூபாயிலிருந்து 360ஐத் தாண்டிப் போனதை மறந்துவிட்டார்கள் போலிருக்கிறது. அந்த வருடத்துக்குப் பிறகு எங்கள் வீட்டில் எதையும் எறிவதில்லை. எரிந்த பல்ப்கூட லாச்சிக்குள் இருக்கிறது, ஏனென்று கேட்காதீர்கள்.

பக்கத் தகட்டைக் கழற்றினால் உள்ளே ஒரு தோட்டம். கோண்டாவில் செம்மண் விசிறியின் ஒவ்வோர் இதழிலும் பூசி மெழுகியிருந்தது. பவர் சப்ளை மூலையில் இரண்டு பல்லி முட்டைகள், ஒன்று கோது, மற்றது முழுசு. மருமகனுக்கு விளையாட்டைவிட இதுதான் பிடித்துப்போனது. முழு முட்டையைச் சிரட்டையில் பஞ்சு வைத்து எடுத்துக்கொண்டு போனவன் ஒரு மணித்தியாலம் திரும்பி வரவில்லை. நான் பெயின்ற் பிரஷால் தூசு தட்டி, ரம் துண்டைக் கழற்றி, அதன் பொன் நிறப் பற்களை அழிறப்பரால் தேய்த்துத் திரும்பப் பொருத்தினேன். முதலில் நீளமாக விட்டுவிட்டுக் கத்திக்கொண்டிருந்த மெஷின், அழிறப்பர் பட்ட பிறகு ஒரு சின்னச் சத்தத்தோடு எழும்பியது. பள்ளிக்கூடக் கொப்பி அழிக்கிற அதே இருபது ரூபாய் அழிறப்பர்தான். படித்தவர்கள் இதற்குத் திரவம் விற்கிறார்கள்.

எழும்பியது சரி, இணையத்துக்குப் போக மறுத்தது. எந்தத் தளத்தைத் திறந்தாலும் பாதுகாப்பில்லை என்று தடுத்தது. கேபிளை மாற்றினேன், ரவுட்டரை அணைத்துப் போட்டேன், கடைசியில் திரையின் மூலையில் இருந்த திகதியைப் பார்த்தேன்: 2009 ஜனவரி 1. தாய்ப்பலகையில் இருக்கும் காசு வடிவப் பற்றரி செத்தால் மெஷின் காலத்தை மறந்துவிடும். தளங்களின் சான்றிதழ்களெல்லாம் அதற்கு இன்னும் பிறக்காத பிள்ளைகள், அதுதான் நம்ப மறுக்கிறது. 2032 இலக்கப் பற்றரி ஒன்று சந்தியில் மணிக்கூடு திருத்தும் கடையில் கிடைத்தது. மாற்றி, திகதியைச் சரியாக்கினேன். இந்த மெஷினோடு பட்ட பாட்டில் காலம் பிழைத்தது இது முதல் தரம். இரண்டாவது தரம் பிழைத்தபோது பற்றரி உதவவில்லை.

நாற்பது கிலோபைட்

விண்டோஸ் 7ஐத் தூக்கி எறிந்தேன். 2020 ஜனவரியோடு மைக்ரோசொஃப்ட் கைவிட்ட பிள்ளை அது. அதற்குப் பதிலாக லினக்ஸ் மிண்ட், அதில் எக்ஸ்எஃப்சிஇ என்ற மெலிந்த பதிப்பு, ஒரு பென் டிரைவ், அரை நாள். அதற்கு மேல் ரெட்ரோஆர்க். பழைய விளையாட்டுப் பெட்டி ஒன்றைக் கொம்பியூட்டருக்குள் உருவாக்கிக் காட்டும் மென்பொருள்தான் எமுலேட்டர். ரெட்ரோஆர்க் என்பது தனியே ஓர் எமுலேட்டர் அல்ல, எமுலேட்டர்களைக் கட்டி மேய்க்கும் மேய்ப்பன். ஒவ்வொரு பழைய இயந்திரத்துக்கும் ஒரு கோர், அதாவது அதற்கான எமுலேட்டர், இறக்கிக்கொள்ள வேண்டும். முதல் தடவை திறந்தபோது பின்னணியில் அலை அலையாக ஒரு நாடா நெளியும் மெனு வந்தது. வந்தது என்பது மரியாதைக்குச் சொல்வது. ஒரு வரியிலிருந்து அடுத்த வரிக்குப் போக மூச்சு வாங்கியது. தாய்ப்பலகையோடு சேர்ந்து வரும் இன்ரெல் ஜிஎம்ஏ 3100 கிராஃபிக்ஸுக்கு அந்த நாடாவை நெளிய வைப்பதே பெரும்பாடு. செற்றிங்ஸில் மெனு டிரைவரை ஆர்ஜியுஐ என்று மாற்றினேன். கறுப்பில் பச்சை எழுத்து, அலங்காரம் ஒன்றுமில்லை, பறந்தது. பழைய மெஷினில் இதைச் செய்யப் போகிறவர்கள் வேறு எதையும் தொடுவதற்கு முன் இதைச் செய்யுங்கள். பழைய ரிவி போலக் கோடு கோடாகக் காட்டும் ஷேடர்களுக்கும் ஆசைப்படாதீர்கள். நான் ஆசைப்பட்டேன், மரியோ சிலையானார்.

என்னை உறுத்தியது வேறு. மரியோ முழு விளையாட்டும் 40 கிலோபைட். விடியக் காலையில் பெரியம்மா வட்ஸ்அப்பில் அனுப்பும் ரோசாப்பூப் படம் அதைவிடப் பெரிது. அந்த விளையாட்டை ஓட்டியது நின்டெண்டோ கம்பனியின் அசல் பெட்டி, எங்கள் ரிவி கேம் அதன் நகல். அந்த அசல் நின்டெண்டோவின் புரொசசர் 1.79 மெகாஹேர்ட்ஸ், நினைவகம் இரண்டு கிலோபைட். என் கிழட்டு மெஷின் அதைவிட ஆயிரம் மடங்குக்கு மேல் வேகமானது. பிறகு எதற்கு இந்த எமுலேட்டர்கள் இவ்வளவு தீனி கேட்கின்றன? யோசித்துப் பார்த்ததில் எனக்குப் பிடிபட்டது இப்படி. கோயிலில் நாதஸ்வரம் ஒருவர், தவில் ஒருவர், தாளம் ஒருவர். மூன்று பேரும் தங்கள் பாட்டில் வாசிக்கிறார்கள், சேர்ந்து கேட்கிறது. எமுலேட்டர் என்பது ஒரே ஆள் மூன்றையும் வாசிப்பது. நாதஸ்வரத்தில் ஒரு துளி ஊதி, கீழே வைத்து, தவிலில் ஒரு தட்டு, அதை விட்டு ஓடிப்போய்த் தாளத்தில் ஒரு தட்டு, திரும்ப நாதஸ்வரம். கேட்பவருக்கு ஆள் ஓடுவது தெரியவே கூடாது. நின்டெண்டோவில் புரொசசர் ஒரு அடி வைக்கும் நேரத்தில் படம் வரையும் சில்லு மூன்று புள்ளி வைக்கும். அந்த ஒன்றுக்கு மூன்று கணக்கு பிசகாமல் செக்கனுக்குப் பல லட்சம் தடவை ஓட வேண்டும். எவ்வளவு நுணுக்கமாக ஓடுகிறார் என்பதில்தான் ஒரு கோருக்கும் மற்றதுக்கும் வித்தியாசம். 1997இல் வந்த நெஸ்ரிக்கிள் என்ற எமுலேட்டர் பழைய 486 மெஷினிலேயே ஓடியது, ஏனென்றால் அது பல இடத்தில் ஓடுவதுபோல நடித்தது. மெசென் போன்ற கோர்கள் நடிப்பதில்லை. நான் இடையில் எஃப்சிஇயுஎம்எம் என்ற கோரைப் பிடித்தேன். பெயர் வாயில் நுழையாவிட்டாலும் பசி குறைவு.

விளையாட்டுக் கோப்பை எங்கே எடுத்தாய் என்று கேட்பீர்கள். எமுலேட்டர் எழுதுவது குற்றமில்லை. விளையாட்டுக் கோப்பைப் பகிர்வது பதிப்புரிமைப்படி குற்றம், நின்டெண்டோ 2018இல் கோப்புத் தளங்கள் மேல் வழக்கே போட்டது. எனக்கு இது தெரியாமலில்லை. ஆனால் நாங்கள் காசு கொடுத்து வாங்கிய மஞ்சள் கசற்றும் நின்டெண்டோவுக்கு ஐந்து சதம் கொடுக்காத சாமான். அன்றைக்குக் கேட்காத மனச்சாட்சி இன்றைக்கு மட்டும் சட்டம் பேசுவது எனக்கே சிரிப்பாக இருந்தது. இதை நியாயம் என்று சொல்லவில்லை.

வேகம்

அப்படி எல்லாம் முடித்து, யுஎஸ்பி கொன்ரோலர் ஒன்றும் செருகி, மருமகனைப் பக்கத்துக் கதிரையில் இருத்தி, மூன்று தரம் செத்தேன். பிறகு அவன் வாங்கி முதல் கட்டத்தை முடித்தான். பிறகு இரண்டாவது. எனக்குக் கோபம் தோற்றதில் இல்லை. பாட்டு வேகமாக இருந்தது. அந்தத் தொடக்க இசை, எனக்கு என் பெயர் போலத் தெரிந்த இசை, யாரோ பின்னால் துரத்துவதுபோல ஓடியது. குசினியிலிருந்து அம்மா, "போன் அடிக்குது, ஒருத்தரும் எடுக்கேல்லையோ?" என்றார்.

எமுலேட்டர் பிழை என்று தீர்மானித்தேன். முதல் சந்தேகம் மொனிட்டர். கண் கூசாமலிருக்க 75 ஹேர்ட்ஸில் வைப்பது என் பழைய பழக்கம், இங்கேயும் முதல் வேலையாக அதைத்தான் செய்திருந்தேன். விளையாட்டு செக்கனுக்கு 60 படம், மொனிட்டர் 75, அதுதான் முடுக்கிவிடுகிறது என்று 60க்கு இறக்கினேன். படம் வெட்டி வெட்டி ஓடியது நின்று வழுக்கிக்கொண்டு போனது. வேகம் அப்படியே. வேகத்தைப் பிடித்து வைத்திருப்பது ஒலி, மொனிட்டர் அல்ல என்பது பிறகுதான் விளங்கியது. கோரை மாற்றினேன். அதே வேகம். கோப்பு பிழையோ என்று நினைத்தேன். அதே வேகம்.

கொம்பியூட்டர் கடை வைத்திருக்கும் சிநேகிதனிடம் போனில் சொன்னேன். "மச்சான், வயசு போகப் போக எல்லாம் வேகமாத்தான் தெரியும். நல்லூர்த் தேர் முந்தி எவ்வளவு உயரமா இருந்தது?" என்றான். இப்படித் தத்துவம் சொல்கிறவர்களிடம் கொம்பியூட்டர் திருத்தக் கொடுக்கக் கூடாது. ஆனாலும் அந்த வசனம் உள்ளே போய் இருந்துவிட்டது. பின்னேரம் முழுக்க நானே அதை நம்பத் தொடங்கினேன். அடுத்து இன்னொரு யோசனை வந்தது, இன்னும் மோசமானது: அந்தக் காலத்தில் எங்களுக்குக் கறண்ட் குறைவு. ஆறு மணி தாண்டினால் ரிவிப் படம் நான்கு பக்கமும் சுருங்கி நடுவில் ஒரு தபாலட்டை போல நிற்கும், ஸ்டெபிலைசர் டக் டக்கென்று அடிக்கும். ஒருவேளை கறண்ட் குறைவால்தான் மரியோ மெதுவாக ஓடினாரோ? இரவு இதை நினைத்துக் கொஞ்சம் உருகிக்கூடப் போனேன். யாழ்ப்பாணத்துக் கறண்டில் மெலிந்துபோன மரியோ! காலையில் தெளிந்தது. அந்தப் பெட்டிகளின் வேகத்தை வைப்பது உள்ளே இருக்கும் குவாட்ஸ் படிகம், மணிக்கூட்டில் இருப்பது போல. கறண்ட் குறைந்தால் அது நிற்கும், மெதுவாகாது. உருகினது வீண்.

சரி, அளந்து பார்ப்போம் என்று இறங்கினேன். மரியோவில் மேல் மூலையில் 400இலிருந்து ஓர் எண் இறங்கும். விளையாட்டின் நிரலைப் பிரித்துப் படித்தவர்கள் அது 24 படத்துக்கு ஒரு தடவை குறைகிறது என்று எழுதி வைத்திருக்கிறார்கள். 400ஐ 24ஆல் பெருக்கினால் 9600 படம். செக்கனுக்கு 60 என்றால் 160 செக்கன், இரண்டு நிமிடம் நாற்பது. மரியோவைத் தொடங்கும் இடத்திலேயே அசையாமல் நிறுத்திவிட்டு, மருமகனிடம் ஸ்ரொப்வோச்சைக் கொடுத்தேன். "சும்மா நிண்டே சாவாரோ மாமா?" என்று கேட்டான். சாவார் என்றேன். நூறுக்குக் கீழே வந்ததும் பாட்டு இன்னும் பதறியது, பிறகு செத்தார். இரண்டு நிமிடம் நாற்பது. எமுலேட்டரில் ஒரு பிழையும் இல்லை.

வவுனியாவில் நின்றுபோன துவக்கு

இந்த இடத்தில்தான் எனக்குக் கனடாத் தம்பி நினைவுக்கு வந்தான். அவனைச் சொல்வதற்கு முன் பெட்டி வந்த கதை.

2002 ஏப்ரலில், போர்நிறுத்தக் காலத்தில், ஏ9 பாதை திறந்து, கொழும்பிலிருந்து சின்ன மாமா வந்தபோது கொண்டுவந்தது. பெட்டியில் இரண்டு கொன்ரோலர், ஒரு கசற், ஒரு துவக்கு என்று படம் போட்டிருந்தது. வாத்துச் சுடுவதற்கான செம்மஞ்சள் பிளாஸ்ரிக் துவக்கு. எங்களுக்கு வந்த பெட்டியில் துவக்கு இல்லை. வழியில் ஓமந்தை, முகமாலைச் சோதனைச் சாவடிகளில் பையைக் கவிழ்த்துப் பார்ப்பார்கள், உள்ளே துவக்கு ஒன்று கிடந்தால் அது விளையாட்டுச் சாமான் என்று எந்தப் பாசையில், யாரிடம் விளங்கப்படுத்துவது என்று மாமா யோசித்திருக்கிறார். வவுனியாவில் தெரிந்தவர் வீட்டில் துவக்கை வைத்துவிட்டு வந்துவிட்டார். பிறகு எடுக்கலாம் என்றார், ஒருவரும் எடுக்கவில்லை. ஆகவே எங்கள் வீட்டில் வாத்துகள் வந்து பறந்துபோகும், நாய் எழும்பிச் சிரிக்கும், நாங்கள் பார்த்துக்கொண்டிருப்போம். இப்போது துவக்கு கிடைத்தாலும் பிரயோசனமில்லை. அது குழாய் ரிவியில் கோடு வரையும் ஒளியைப் பிடித்து வேலை செய்வது, தட்டை மொனிட்டரில் அதற்குக் கண் தெரியாது.

2003 நல்லூர்த் திருவிழாவுக்குச் சித்தப்பா குடும்பம் ரொறொன்ரோவிலிருந்து வந்தது. அவர்களின் மகனுக்கு என்னைவிட ஒரு வயது குறைவு. அவன் வீட்டில் அசல் நின்டெண்டோ இருந்தது, சித்தப்பாவோடு வேலை செய்த யாரோ சும்மா கொடுத்த பழையது. எங்கள் பெட்டியைக் கண்டதும் சந்தோசமாக இருந்து மரியோவைப் போட்டான். முதல் பள்ளத்தில் விழுந்தான். திரும்பவும் விழுந்தான். பள்ளத்துக்கு ஓரடி முன்பே பாய்ந்து நடுவில் போய் விழுவான். ஒழுங்கைப் பெடியள் ஏழெட்டுப் பேர் கதவடியில் நின்று சிரிக்கிறார்கள். முகம் சிவந்துபோய் கொன்ரோலரை வைத்துவிட்டு, "இது ஸ்லோவா இருக்கு அண்ணா" என்றான்.

ஸ்லோ! அந்த ஒரு சொல்லை நாங்கள் விடவில்லை. அவன் நின்ற நாள் முழுக்க எல்லாம் ஸ்லோ: ஸ்லோ மினிபஸ், ஸ்லோ மாடு, ஸ்லோ ஐஸ்கிறீம். கனடாவில் பிறந்தால் நாய்க்குட்டிகூட இங்கே மெதுவாகத்தான் ஓடும் என்று பெரியவர்கள்கூடச் சொல்லிச் சிரித்தார்கள். எங்களிடம் இருந்த ஒரே பகட்டான சாமானைக் குறை சொன்னவன் அவன். எனக்குப் பகிடியைவிடக் கோபம்தான் அதிகம். அவன் திரும்பிப் போகும்வரை நான் அவனோடு நேரே முகம் கொடுத்துக் கதைக்கவில்லை என்று நினைக்கிறேன்.

டெண்டி

ஸ்ரொப்வோச் சரியாகக் காட்டிய அன்று இரவு, கோரின் செற்றிங்ஸை முதலாவது வரியிலிருந்து ஆறுதலாகப் படித்தேன். பிராந்தியம் என்று ஒரு வரி. நான்கு தெரிவுகள்: ஓட்டோ, என்ரிஎஸ்சி (NTSC), பால் (PAL), டெண்டி. முதல் மூன்றும் தெரிந்தவை. என்ரிஎஸ்சி அமெரிக்க, யப்பான் ரிவிகளுக்கு, செக்கனுக்கு 60 படம். பால் எங்கள் ஊர் ரிவிகளுக்கு, 50 படம். அட! இலங்கை ரிவி 50 என்றால் எங்கள் பெட்டியும் 50தானே அனுப்பியிருக்க வேண்டும்? விளையாட்டோ ஒவ்வொரு படத்துக்கும் ஓர் அடி வைக்கிறது. அறுபது அடி வைக்க வேண்டிய செக்கனில் ஐம்பது அடி வைத்தால், அங்கே ஐந்து செக்கனில் நடப்பது இங்கே ஆறு செக்கன் எடுக்கும். கை நடுங்கிக்கொண்டுதான் பால் என்பதை அமுக்கினேன்.

வேகம் குறைந்தது. ஆனால் குரல் கட்டிப்போனது. பாட்டு ஒரு சுரம் கீழே இறங்கி, தடிமன் பிடித்தவர் பாடுவதுபோல. இதுவும் இல்லை. ஐரோப்பாவுக்கென்று நின்டெண்டோ செய்த பால் இயந்திரத்தில் புரொசசரின் வேகத்தையும் 1.66 மெகாஹேர்ட்ஸுக்குக் குறைத்துவிட்டார்கள், சுரமும் அதிலிருந்து பிறப்பதால் அதுவும் இறங்கிவிடும். மிஞ்சியது நாலாவது. டெண்டி என்றால் என்னவென்று தெரியாமலே அமுக்கினேன்.

அதுதான். அதே சுரம், ஆறுதலான நடை. கதிரையின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு கேட்டேன். ஏழாவது எட்டாவது நொடியில் வரும் அந்தச் சின்ன இறக்கத்தில் எங்கள் பழைய முன்னறை, பச்சைச் சீமெந்து நிலம், அடப்டர் சூடாகும் மணம், எல்லாம் வந்தன. கொன்ரோலரை எடுத்தேன். பூச்சியை மிதித்தேன், பள்ளத்தைத் தாண்டினேன், கொடிக் கம்பத்தின் உச்சியில் போய்த் தொங்கினேன். கை ஒன்றையும் மறக்கவில்லை. இருபது வருடத்துக்கு மேலாக அது ஐம்பதில் எண்ணிக்கொண்டே இருந்திருக்கிறது.

டெண்டி என்பது 1992இல் ரஷ்யாவில் விற்பனைக்கு வந்த ஒரு ரிவி கேமின் பெயர். யப்பானுக்கென்று செய்த கசற்றுகள் ஒரு மாற்றமும் இல்லாமல் 50 ஹேர்ட்ஸ் ரிவியில் ஓட வேண்டும். அதற்குத் தாய்வான் சில்லுக்காரர்கள் கண்டுபிடித்த வழி அழகானது. 60 ஹேர்ட்ஸ் படத்தில் 262 வரி, 50 ஹேர்ட்ஸில் 312. அந்தக் கூடுதல் ஐம்பது வரியையும் படம் வரைந்து முடிந்த பிறகு வெறுமனே கடத்திவிட்டு, அதன் பின்புதான் 'படம் முடிந்தது' என்ற செய்தியை விளையாட்டுக்குச் சொல்வார்கள். புரொசசரையும் கிட்டத்தட்ட பழைய வேகத்திலேயே, 1.77 மெகாஹேர்ட்ஸில், ஓட விட்டார்கள். விளையாட்டுக்குத் தான் ஏமாற்றப்படுவதே தெரியாது. சுரம் மாறாது, நடை மட்டும் பிந்தும். களவெடுத்துச் செய்தவர்கள் அசல் ஆட்களின் பால் இயந்திரத்தைவிடக் கசற்றுக்கு மரியாதை கொடுத்திருக்கிறார்கள் என்பது என் கட்சி. இந்த வகைப் பெட்டிகள் உலகத்தின் பாதியில் விற்றன, எங்கள் பெட்டி உட்பட. ஆனால் உட்கார்ந்து அலசி எழுதி வைத்தவர்களின் பெயர்தான் செற்றிங்ஸில் நிற்கும். எங்கள் முன்னறை ஒரு ரஷ்யப் பெயருக்குக் கீழே இருந்தது.

அடுத்த நாள் திரும்ப ஸ்ரொப்வோச். மூன்று நிமிடம் பன்னிரண்டு செக்கன். எங்களுக்கு ஒவ்வொரு கட்டத்திலும் முப்பத்திரண்டு செக்கன் கூடுதலாகக் கிடைத்திருக்கிறது. ஒழுங்கையில் என்னை அடிக்க ஆளில்லை என்ற பேச்சை இனிக் கொஞ்சம் தணித்துத்தான் சொல்ல வேண்டும்.

அந்தப் பள்ளம்தான் எனக்குத் திரும்பத் திரும்ப வந்தது. மெதுவான மரியோவில் அவன் முந்திப் பாய்ந்தான். வேகமான மரியோவில் நான் பிந்திப் பாய்ந்தேன். அவனுடைய விரல்களும் சரியாகத்தான் எண்ணிக்கொண்டிருந்தன. மெதுவாகத்தான் இருந்தது, அவன் மெதுவாக இருக்கிறது என்று சொன்னான், ஏழெட்டுப் பேர் சேர்ந்து அவனைத் தமிழே வராத பகட்டுக்காரன் ஆக்கினோம். அவனுக்குத் தெரிந்த அரைகுறைத் தமிழில் அன்றைக்கு அவன் சொன்ன முழு உண்மை அது ஒன்றுதான் போலிருக்கிறது.

இரண்டு வேகத்தையும் போனில் பதிவு செய்து அவனுக்கு வட்ஸ்அப்பில் அனுப்பினேன். காரணம் சொல்லவில்லை, எது சரி என்று மட்டும் கேட்டேன். இப்போது அவனுக்கு இரண்டு பிள்ளைகள், ரொறொன்ரோவில் விடிந்து வேலைக்குப் போகும் வழியில் குரல் பதிவு அனுப்பினான். "முதலாவது சரி அண்ணா. ரெண்டாவது என்ன, ஸ்லோவா இருக்கு?" நான் 2003ஐ நினைவுபடுத்தினேன். அவனுக்குத் தேர் நினைவிருக்கிறது, வெய்யில் நினைவிருக்கிறது, ஐஸ்கிறீம் நினைவிருக்கிறது. ரிவி கேம் நினைவில் இல்லை. மன்னிப்புக் கேட்பதற்கு நான் எழுதி வைத்திருந்த வசனத்தை அழித்துவிட்டு, பிள்ளைகளைக் கேட்டதாகச் சொல் என்று அனுப்பினேன்.

மருமகன் டெண்டியைப் பத்து நிமிடம் பொறுத்தான். "இது இழுபடுது மாமா, பழையபடி போடுங்கோ." போட்டுக் கொடுத்தேன். அவனுக்கு எந்த வேகம் மரியோவோ அது அவன் பாடு. ரெட்ரோஆர்க்கில் விளையாட்டுக்கு விளையாட்டு செற்றிங்ஸைத் தனித்தனியாகச் சேமிக்கலாம் என்பதால் கோப்பை இன்னொரு பெயரில் பிரதி பண்ணி, பட்டியலில் இரண்டு மரியோ வைத்தேன். ஒன்று அவனுடையது, மற்றது என்னுடையது. விடுமுறை முடிந்து அவன் போன பிறகும் மெஷினை நான் திரும்ப மூடவில்லை. பல்லி முட்டை பொரித்ததா இல்லையா என்று போனில் கேட்டுக்கொண்டே இருக்கிறான். சிரட்டை எங்கே என்று எனக்கே தெரியாது.

போன சனிக்கிழமை இரவு சாப்பாட்டுக்கு முன் என் மரியோவைப் போட்டேன். ஒரு நிமிடம் ஆகியிருக்காது. குசினிக்குள் புட்டு அவித்துக்கொண்டிருந்த அம்மா அங்கிருந்தே சத்தம் போட்டார்.

"டேய், உந்த ரிவி கேமைத் திரும்ப எங்கையிருந்து எடுத்தனீ? நிப்பாட்டு, ரிவி பழுதாப் போகும்."

அந்த ரிவியை விற்றுப் பதினைந்து வருடம்.